கண்டல் காட்டை வரைந்த கை: டேவிட் பெய்ன்ரர் பற்றிச் சில குறிப்புகள்

இலங்கையின் நவீன ஓவியத்தைப் பற்றி எழுதுகிறவர்கள் பெரும்பாலும் 1943இல் இருந்துதான் தொடங்குவார்கள். லயனல் வென்ற் முன்னின்று கூட்டிய '43 குழு', அதில் இருந்த ஜோர்ஜ் கீற், ஐவன் பீரிஸ் என்று பேச்சு அந்தப் பக்கமே போகும். அந்தக் குழுவுக்கு வெளியே நின்ற டேவிட் பெய்ன்ரரைப் 'பழைய பாணிக்காரர்' என்று ஒரே வரியில் கடந்து விடுவார்கள். எனக்கு இதில் உடன்பாடில்லை. முஸ்லிம் வாசகர்களாகிய நாம் அவரைக் கவனிக்க வேறொரு காரணமும் இருக்கிறது.

பெய்ன்ரர் 1900இல் இமயமலைப் பக்கத்து அல்மோராவில் பிறந்தவர். தந்தை ஆங்கிலேய மிஷனரி, தாய் சிங்களவர். கண்டி திரித்துவக் கல்லூரியில் படித்தார். புலமைப்பரிசில் பெற்று லண்டன் றோயல் அக்கடமிக்கும், பிறகு இத்தாலிக்கும் போனார். மனித உடலைப் பிசகில்லாமல் வரைகிற அந்த ஐரோப்பியப் பயிற்சி கடைசிவரை அவர் கையை விட்டுப் போகவில்லை. 1975இல் காலமானார்.

அவருடைய பெயரைச் சொல்ல நிற்பவை திரித்துவக் கல்லூரித் தேவாலயத்தின் சுவரோவியங்கள். 1920களின் கடைசியில் தொடங்கி 1930களிலும் அவற்றை வரைந்தார். கண்டிய மண்டபச் சாயலில் கருங்கல் தூண்களோடு அமைந்த கட்டடம் அது. கண்டிக்குப் போன ஒரு தடவை அவற்றைப் பார்த்தேன். விவிலியக் காட்சிகள்தான், ஆனால் ஆட்களும் மரஞ்செடிகளும் இந்த நாட்டுக்குரியவை. சிலுவைக் காட்சியில் இயேசுவுக்குத் தாடி இல்லை. பின்னால் ஜெருசலேம் இல்லை, கண்டல் காடு இருக்கிறது.

ஈஸா நபி (அலை) அவர்கள் சிலுவையில் அறையப்படவில்லை என்பது குர்ஆன் சொல்லும் செய்தி. நபிமார்களுக்கு உருவம் வரைவதையும் நாம் ஏற்பதில்லை. ஆகவே அந்தப் படத்தின் விடயம் நமக்கு உரியதல்ல. இதை மறைத்துக்கொண்டு 'கலைக்கு மதமில்லை' என்று எழுதுவது நேர்மையாகாது. ஆனால் அந்தக் கண்டல்? மட்டக்களப்பு வாவிக்கரையில் வளர்ந்தவனுக்கு அந்த வேரையும் சேற்றையும் யாரும் விளக்கத் தேவையில்லை. லண்டனில் படித்து வந்த ஒருவர், வேதக் காட்சிக்குப் பின்னணியாக எங்கட சேற்று நிலத்தைத் தகுதியானதென்று கண்டாரே, அங்கேதான் அவருடைய துணிச்சல் இருக்கிறது.

குறையும் சொல்ல வேண்டும். அவருடைய மனிதர்கள் அளவுக்கு மீறி அழகானவர்கள். நிறம் இந்த மண்ணுடையது, உடம்பு அக்கடமியுடையது. வலை இழுத்துக் காய்த்த கையை அந்த உடல்களில் நான் காணவில்லை. 43 குழுவினர் உருவத்தை உடைத்துத் தேடியதைப் பெய்ன்ரர் தேடவே இல்லை.

ஆனால் அவர் ஆசிரியரும்கூட. கொழும்பு அரசினர் நுண்கலைக் கல்லூரிக்குத் தலைமை வகித்தவர். யாழ்ப்பாணத்து ஓவியர் அ. மாற்கு அங்கு படித்துப் போனவர்தான். மாற்குவின் கோடுகளைப் பார்த்தால் பெய்ன்ரரின் வழவழப்பு கொஞ்சமும் தெரியாது. தன்னைப் போல வரையாத ஒருவரை அனுப்பி வைத்தது அந்தக் கல்லூரிக்குக் குறையல்ல, பெருமை. மாற்குவும் வடக்கில் ஒரு தலைமுறைக்கு ஓவியம் கற்றுக்கொடுத்தார். போர்க்கால இடப்பெயர்வில் அவருடைய படங்கள் பல அழிந்தாலும் மாணவர்கள் மிஞ்சினார்கள்.

இனி எங்கட பக்கம் வருவோம். காத்தான்குடியில் உருவம் என்றாலே வாக்குவாதம்தான். இங்குள்ள நூதனசாலையில் மனித உருவங்கள் வைத்தபோதும் அது எழுந்தது. அதில் தீர்ப்புச் சொல்வது உலமாக்களின் வேலை, என்னுடையதல்ல. ஆனால் உருவம் வரைவதைக் கண்டித்த இப்னு அப்பாஸ் (ரழி) அவர்களே, வரைந்துதான் ஆகவேண்டுமென்றால் மரத்தையும் உயிரில்லாதவற்றையும் வரையுமாறு ஓர் ஓவியருக்குச் சொன்னதாக ஹதீஸ் இருக்கிறது. அந்த வாசல் திறந்தே கிடக்கிறது. நாம் அதற்குள் போனோமா?

எங்கட பிள்ளைகளின் சித்திரக் கொப்பிகளைப் புரட்டிப் பாருங்கள். இரண்டு மலை, நடுவில் சூரியன், கீழே ஓர் ஆறு. காத்தான்குடியில் மலை எங்கே இருக்கிறது? கிழக்கே கடல், மேற்கே வாவி, பிரதான வீதி நடுவில் பேரீச்ச மரம், கைத்தறிப் புடவையின் நிறம்: இவை கொப்பிக்குள் வருவதில்லை. மார்க்கம் தடுத்ததால் வரவில்லை என்று சொல்ல முடியாது. கண்ணால் பார்த்து வரை என்று யாரும் சொல்லவில்லை, அவ்வளவுதான்.

பெய்ன்ரரின் மனித உருவங்களை விட்டுவிட்டாலும் அவரிடம் எடுத்துக்கொள்ள இது மிச்சமிருக்கிறது. சித்திர ஆசிரியர்கள் ஒரு பின்னேரம் பிள்ளைகளை ஆற்றங்கரைக்குக் கூட்டிப்போய், ஒரு கண்டல் வேரைப் பார்த்து வரையச் சொல்லட்டும். அதற்கு எந்த மௌலவியும் மறுப்புச் சொல்லமாட்டார்.