பிறர்க்காகத் தவம் இருக்கும் தாய்

புளியங்குடிக்குக் கிழக்கே கோமதியம்மன் தவம் இருந்த சங்கரன்கோவில். தெற்கே மலைத்தொடரோடு போனால் பொதிகை. அவலோகிதீசுவரர் வீற்றிருப்பதாக மகாயான பௌத்தர்கள் போற்றும் போதலக மலை இந்தப் பொதிகையே என்று ஜப்பானிய அறிஞர் ஷூ ஹிகோசாகா வாதிட்டார். 7ஆம் நூற்றாண்டில் வந்த சீனப் பயணி யுவான் சுவாங்கும் போதலகத்தைத் தென்னாட்டு மலய மலைப் பக்கம்தான் குறிக்கிறார். அகத்தியர் தமிழ் கேட்டது அவலோகிதனிடம் என்பது வீரசோழியம் சொல்லும் மரபு. தாராதேவியின் 108 நாமங்களைச் சொல்லும் பௌத்தத் துதியும் போதலகத்தில்தான் தொடங்குகிறது. இப்படி இரண்டு சமயங்களின் கருணைத் தெய்வங்களும் நினைவில் பக்கத்தில் பக்கத்தில் நிற்கும் சீமை இது. ஆகவே, ஒரு தாய்த் தெய்வத்தின் கருணையை எதை வைத்து அளப்பது என்ற கேள்வியை இங்கிருந்தே கேட்கலாம். கனிந்த முகமோ கேட்ட வரமோ அதற்கு அளவாகாது. பிறர் துயரைத் தீர்க்கத் தானே எவ்வளவு பாடுபடுகிறாள் என்பதே சரியான அளவு. மரபுகள் பலவானாலும் இந்த அளவில் அவை ஒன்றுபடுகின்றன.

சங்கரன்கோவில் தலபுராணத்தையே பாருங்கள். சிவனே பெரியவர் என்றான் நாக அரசன் சங்கன். திருமாலே பெரியவர் என்றான் பதுமன். வழக்கு அம்பிகையிடம் வந்தது. இருவரும் ஒருவரே என்பதில் அவளுக்கு ஐயமில்லை. இருந்தும் தீர்ப்புச் சொல்லி அவர்களை அனுப்பிவிடவில்லை. அவர்கள் கண்ணாலேயே காணட்டும் என்று புன்னை வனத்தில் ஒற்றைக்காலில் தவம் நின்றாள். ஆடி உத்திராடத்தில் இறைவன் சங்கரநாராயணராகக் காட்சி தந்தார். சண்டையிட்டவர்கள் நாகர்கள், தவம் இருந்தவள் தாய். தபசுக் காட்சியன்று உழவர்கள் பருத்தியையும் வத்தலையும் நெல்லையும் சூறை விடுகிறார்கள். தமக்காகப் பாடுபட்டவளுக்குத் தம் பாட்டின் பலனை இறைத்துக் காட்டும் நன்றி அது.

வைணவம் இதையே வேறு வழியில் சொல்கிறது. தாயாரைப் புருஷகாரம் என்பார்கள்; பிழை செய்தவனுக்காகப் பெருமாளிடம் பரிந்து பேசுபவள். அவளே உபாயமும், அதாவது முக்திக்கு வழியும், ஆவாளா என்பதில் வடகலையும் தென்கலையும் வேறுபடலாம், பரிவில் வேறுபாடில்லை. பிள்ளை உலகாசிரியர் ஸ்ரீவசனபூஷணத்தில் இராமாயணத்தையே சிறையிருந்தவளின் பெருமையாகக் காண்கிறார். சிறைப்பட்ட தேவமாதர்களை மீட்கவே சீதை சிறை புகுந்தாள் என்பது உரையாசிரியர்களின் விளக்கம். தன்னை வதைத்த அரக்கியரை அனுமன் தண்டிக்க எழுந்தபோதும் அவளே தடுத்தாள். பௌத்தத்தில் தாராவின் வரலாறும் இப்படித்தான். ஆணாகப் பிறக்க வேண்டிக்கொள் என்று பிக்குகள் அறிவுரை சொன்னபோது, உலகத் துயர் தீரும்வரை பெண் உருவிலேயே உழைப்பேன் என்று அவள் சபதம் செய்ததாகத் திபெத்திய ஆசிரியர் தாரநாதர் 1604இல் எழுதினார். பச்சைத் தாராவின் சிற்பத்தில் இடக்கால் மடங்கியிருக்கும். வலக்கால் கீழே இறங்கியிருக்கும். கூப்பிட்டதும் எழுந்து வரத் தயாராக இருக்கும் நிலை அது.

உக்கிரமான அம்மன்களை இந்த வரிசையில் எப்படிச் சேர்ப்பது என்று ஒருவர் கேட்கலாம். நம் தென்மாவட்டத்து இசக்கி கோபக்காரிதான். பிள்ளையை வாயில் கடித்தபடியும் அவளுக்குச் சிலை உண்டு. ஆனால் பிள்ளை வரத்துக்குத் தொட்டில் கட்டுவதும் அவள் சந்நிதியில்தான். பிறந்த பிள்ளைக்கு இசக்கிமுத்து என்று பெயர் வைப்பதும் அவள் நினைவாகத்தான். பௌத்தத்தின் ஹாரீதியும் பிறர் பிள்ளைகளைத் தின்றவள். புத்தர் அவளுடைய கடைக்குட்டியை ஒளித்துவைத்தபோது பெற்ற வயிற்றின் வேதனை தெரிந்து குழந்தைகளின் காவல் தெய்வமானாள். மடங்களின் உணவுக்கூடத்தருகே கைக்குழந்தையோடு அவள் உருவம் இருந்ததையும், அவளுக்கு நாள்தோறும் அன்னம் படைத்ததையும் 7ஆம் நூற்றாண்டில் சீனப் பிக்கு யீ சிங் பதிவு செய்திருக்கிறார். இத்தகைய உக்கிரத்தைச் சைவ சித்தாந்திகள் மறக்கருணை என்பார்கள். உக்கிரம் யாரைக் காக்க எழுகிறது என்று பார்த்தால் அதுவும் கருணையில் அடங்கும்.

அம்பிகை பராசக்தி, தாரா போதிசத்துவர். இருவரையும் ஒப்பிடலாமா என்பது கனமான தடை. தத்துவத்தில் ஒப்பிட முடியாது என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். ஒருத்தி உலகைப் பெற்றவள். மற்றவள் உலகுக்காகத் தன் விடுதலையையும் தள்ளிவைத்தவள். இருவரையும் ஒன்றாக்கினால் இரண்டு சமயங்களுக்கும் அநீதி. ஆனால் அடியவருக்கு அவர்கள் காட்டும் நெறி ஒன்றே: துன்பப்படுபவரின் தகுதியைப் பிறகு கேள், முதலில் காப்பாற்று. பௌத்தக் காப்பியத் தலைவி மணிமேகலை அமுதசுரபி ஏந்தியதும், அரசனிடம் கேட்டுச் சிறைக்கோட்டத்தை அறக்கோட்டம் ஆக்கியதும் அந்த நெறிப்படிதான். சிறையில் இருந்தவர்கள் நல்லவர்களா என்று அவள் விசாரிக்கவில்லை.

இந்த அளவுகோல் தெய்வத்தோடு நின்றுவிடக் கூடாது. வணங்கும் நம்மையும் அளக்க வேண்டும். மனம் பேதலித்தவர்களைக் குடும்பத்தார் இன்றும் கோமதியம்மன் சந்நிதிக்கு அழைத்து வருகிறார்கள். அவர்களுக்கு ஒதுங்க நிழலும், ஒரு வேளைச் சோறும், மருத்துவரிடம் போகும் வழியும் காட்டுவது ஊராரின் கடமை. எலுமிச்சை விளையும் புளியங்குடியிலிருந்து அம்மனுக்கு மாலை சாத்துவோர், மாலையோடு அந்தக் கடமையையும் ஏற்றுக்கொள்ள வேண்டும்.