வழக்குரையும் வாயிலும்

ஈழத்துத் தமிழரிடையே கண்ணகி காப்பியத் தலைவியாக மட்டுமன்றித் தெய்வமாகவும் வாழ்ந்து வருகிறாள். மட்டக்களப்புப் பகுதியில் அவளது கோயில்களிற் படிக்கப்பெறும் கதைக்குக் 'கண்ணகி வழக்குரை' என்பது பெயர். யாழ்ப்பாணத்திலே அது 'கோவலனார் கதை' என வழங்கிற்று. யாழ்ப்பாணத் தீவுகளுள் ஒன்றாகிய புங்குடுதீவிலும் கண்ணகை அம்மன் கோயில் உண்டு. பிறப்பு, மணம், பிரிவு, கொலை, தீ எனப் பல நிகழ்ச்சிகளைக் கொண்ட ஒரு கதை முழுவதற்கும் அவள் வழக்காடிய செயலே பெயராயிற்று என்பது கருதத்தக்கது. இழந்தவள் ஒருத்தி மன்றேறிக் கேள்வி கேட்ட அந்த ஒரு காட்சியே மக்கள் மனத்தில் ஆழப் பதிந்தது எனலாம்.

இக்காட்சியை விளக்கியோர் பெரும்பாலும் கண்ணகியின் சினத்தையே போற்றி வந்துள்ளனர். மேடைப் பேச்சுகளிலும் வகுப்பறைக் குறிப்புகளிலும் தலைவிரி கோலமும் ஒற்றைச் சிலம்பும் எரியும் மதுரையுமே முதன்மை பெறுகின்றன. வழக்குரை காதையின் ஆற்றல் உண்மையிலேயே சினத்தில்தான் உள்ளதா என்பதே இக்கட்டுரை எழுப்பும் வினா. கண்ணகி கணவனுக்காக வழக்குரைத்தவள். ஆதலின் மகவை இழந்தோர் மன்றேறும் காட்சிகளையும் அதனோடு சேர்த்து நோக்குதல் வேண்டும். இவ்வினா ஏட்டளவில் நிற்பதன்று. புங்குடுதீவிலேயே அண்மைக்காலத்தில் ஒரு தாய் அந்நிலைக்கு ஆளானார்.

2015 மே 13 அன்று அத்தீவில் பாடசாலைக்குப் புறப்பட்ட உயர்தர வகுப்பு மாணவி ஒருத்தி கடத்தப்பட்டு, வன்கொடுமைக்கு உள்ளாக்கப்பட்டுக் கொல்லப்பட்டாள். மறுநாள் அவளது உடல் கண்டெடுக்கப்பட்டது. ஊர்காவற்றுறை நீதவான் நீதிமன்றில் விசாரணைகள் நடைபெற்றபின், 2017 ஜூன் மாதத்தில், யாழ்ப்பாணத்தில் நீதிபதிகள் சசிமகேந்திரன், பிரேமசங்கர், இளஞ்செழியன் ஆகிய மூவரைக் கொண்ட தீர்ப்பாயத்தின்முன் வழக்கு விளக்கத்துக்கு வந்தது. மாணவியின் தாய் சாட்சியமளித்தார். 2017 செப்டெம்பர் 27 அன்று ஒன்பது எதிரிகளுள் எழுவருக்கு மரணதண்டனை விதிக்கப்பட்டது. இருவர் விடுதலை செய்யப்பட்டனர். தண்டனை பெற்றோர் பின்னர் உயர் நீதிமன்றில் மேன்முறையீடு செய்தனர்.

ஒரு தாய் தன் மகளைக் கொன்றோரை நீதிமன்றில் நேர்கொண்டாள் என்று கேட்டவுடன், அவளைக் கண்ணகி என அழைக்க நம் நா விழைகிறது. அவ்வுவமை பொருந்துமா என்பதை நம் இலக்கியங்களைக் கொண்டே ஆராய்தல் தகும்.

முதலில் வழக்குரை காதையை நோக்குவோம். வாயிலோன் கண்ணகியைக் கண்டு அஞ்சுகிறான். ஆயினும் அவளை விரட்டினானல்லன், கண்டதை மறைத்தானுமல்லன். அவளது தோற்றத்தையும் வருகையையும் அரசனிடம் அறிவிக்கிறான். அரசன் அவளை உள்ளே அழைத்து, யாரென வினவுகிறான். அவள் தன் நாட்டு மன்னரின் முறைமையை முன்வைத்துத் தன்னை அறிவிக்கிறாள். கள்வனைக் கொல்லுதல் கொடுங்கோலாகாது என்பது அரசனின் விடை. இவ்விடத்தில் அவள் தீயை அழைக்கவில்லை. தன் சிலம்பின் பரல் மாணிக்கம் என்கிறாள். தன் தேவியின் சிலம்பில் உள்ளது முத்து என்கிறான் அரசன். கோவலனிடமிருந்து கைப்பற்றிய சிலம்பு கொணரப்பட்டு மன்றிலே உடைக்கப்படுகிறது. பொருளைச் சோதிக்குமுன் சோதனையின் அளவுகோலை இருதரப்பும் ஏற்றுக்கொள்கின்றன என்பது ஊன்றி நோக்கத்தக்கது. தன்னையே கள்வனெனக் கூறி அரசன் உயிர்விடுவதற்குக் காரணம் அவளது சினமன்று. அவன்முன் தெறித்த மாணிக்கமாகும்.

சினம் செயற்படும் இடம் வேறு. அது மன்றுக்கு வெளியே, வழக்கு முடிந்தபின் செயற்படுகிறது. அதன் விளைவை இளங்கோவடிகள் மறைக்கவில்லை. கோவலனைச் சிக்கவைத்த பொற்கொல்லன் அந்த மன்றுக்கு வரவேயில்லை. எவரும் அவனை விசாரிக்கவுமில்லை. உண்மைக் கள்வன் விசாரிக்கப்படாத நாட்டில் பின்னர் நிகழ்ந்தது யாது? கொற்கையில் இருந்த வெற்றிவேற்செழியன் பொற்கொல்லர் ஆயிரவரைப் பத்தினிக்குப் பலியிடுகிறான். ஒருவன் செய்த குற்றத்துக்கு ஒரு தொழிற்குலமே கழுத்தை நீட்டிற்று. கண்ணகியின் சினத்தைப் போற்றும் திறனாய்வு அந்த ஆயிரவரைக் கணக்கிற் கொள்வதில்லை.

அடுத்து, கன்றை இழந்த ஆ. கண்ணகி தன் அறிமுகவுரையிலேயே இக்கதையைச் சுட்டுகிறாள். சேக்கிழார் அதனைத் திருவாரூரில் வைத்துத் திருநகரச் சிறப்பில் விரிக்கிறார். நம் இலக்கியத்தில் மகவைக் கொன்றவன்மீது முறையிடும் பெற்றோருள் தலையாயது பேச்சற்ற ஒரு விலங்கு என்பது வியப்பன்று. பேச இயலாதோரும் முறையிட வேண்டும் என்பதற்காகவே அங்கே மணி தொங்குகிறது. ஆ சாபமிடவில்லை, கொம்பினால் மணியை அசைத்தது, அவ்வளவே. எஞ்சியதெல்லாம் அரசன் செய்தது. கழுவாய் தேடினால் போதும் என அமைச்சர் கூறியபோது, தன் மகனுக்கு ஒரு நீதியும் பிறர்க்கு ஒரு நீதியும் வைக்க அவன் மறுக்கிறான். தேர்க்காலில் மகனைக் கிடத்திய கொடுமையை இன்று நாம் ஏற்கவேண்டுவதில்லை. பெரியபுராணத்திலும் இறைவன் தோன்றி அனைவரையும் உயிர்ப்பித்தாலன்றி அக்கதை முடிய இயலவில்லை. எனினும் ஒன்று தெளிவு: கொலை செய்தவன் ஆள்வோனின் மகனாயினும் மணியோசை உள்ளே கேட்டது.

மூன்றாவது காட்சி மணிமேகலையில் உள்ளது. மணிமேகலை அமுதசுரபி பெற்ற மணிபல்லவம் நயினாதீவே என்பார் பலர்; அது முடிந்த முடிபன்றெனினும், தீவக மக்கள் அக்காப்பியத்தைத் தமதெனக் கருதுவதற்கு அவ்வெண்ணம் காரணமாயிற்று. அங்கே இளவரசன் உதயகுமரன் காஞ்சனன் என்னும் விஞ்சையனது வாளால் மடிகிறான். காயசண்டிகையின் வடிவில் இருந்த மணிமேகலையைத் தன் மனைவியென மயங்கியே காஞ்சனன் அக்கொலையைச் செய்தான். இறந்தவன் ஒருவன், அவனை இழந்த பெற்றோர் இருவர். இருவரும் செல்லும் வழிகள் வேறு.

தந்தையாகிய அரசன், மகனை முறைசெய்த முன்னோனை நினைந்து, தான் தரவேண்டிய தண்டத்தை விஞ்சையன் தந்தான் என அமைகிறான். தாயாகிய இராசமாதேவியோ, கொலைக்குக் காரணமானவள் மணிமேகலையே எனக் கொண்டு அவளைச் சிறையினின்றும் விடுவித்துத் தன்னிடம் வைத்துக்கொள்கிறாள். அறிவு பிறழ மருந்தூட்டுகிறாள். இளைஞன் ஒருவனை ஏவிக் கெடுக்க முயல்கிறாள். புழுக்கறையில் அடைத்து உணவை மறுக்கிறாள். மகனை இழந்த தாயே முறையிடுபவளும் தீர்ப்பவளும் தண்டிப்பவளும் ஆனால் நிகழ்வதைச் சாத்தனார் இவ்வாறு ஒளிவின்றிக் காட்டுகிறார். அவள் துன்புறுத்தியது கொலை செய்யாதவளை. ஒரு பெண்ணுக்கு நேரக்கூடிய மிகப் பெரிய கொடுமையையே தன் துயரின் பெயரால் அவள் இன்னொரு பெண்ணுக்குச் செய்ய முற்பட்டாள். இதனாற் புலவர் அத்தாயின் துயரைப் பொய்யென்றாரல்லர். மெய்யான துயரும் தவறான ஆளைச் சென்று தாக்கக்கூடும் என்றே காட்டினார்.

மூன்று காட்சிகளையும் ஒருங்கு வைத்து நோக்குமிடத்து ஓர் உண்மை புலனாகும். நம் நூல்கள் மதிப்பது வாயில் திறத்தலையும், முறையீடு கேட்கப்படுதலையும், பொருள் சோதிக்கப்படுதலையுமே. சினத்தை அவை அறிந்திருந்தன. அதன் விலையையும் அறிந்திருந்தன.

இனிப் புங்குடுதீவு வழக்குக்கு வருவோம். இலங்கைத் தமிழில் குற்றஞ்சாட்டப்பட்டவரை 'எதிரி' என்பது சட்ட வழக்கு. அவர் யாருக்கு எதிரி? சட்டப்படி அவர் அரசின் எதிர்த்தரப்பே. வழக்கை நடத்துபவர் சட்டமா அதிபர். தாய் சாட்சியருள் ஒருவர். அவர் நீதிபதியை நோக்கிப் பேசுகிறார்; குறுக்கு விசாரணைக்கு உட்படுகிறார்; எதிரிக் கூண்டில் நிற்போரை நோக்கித் தன் நெஞ்சிலுள்ளதை எல்லாம் கொட்ட அவருக்கு இடமில்லை. இது தாய்மையைச் சிறுமைப்படுத்துவது என்போர் உளர். அக்கூற்றை எளிதில் தள்ளிவிட இயலாது. ஈராண்டுக்கு மேல் காத்திருந்து, தன் வாழ்வின் பேரிழப்பை வினாவுக்கு விடையாக மட்டும் சொல்ல வேண்டியிருத்தல் கொடிதே.

எனினும் மற்றைய வழியையும் நாம் கண்டோம். 2015 மே 20 அன்று யாழ்ப்பாணத்தில் சினங்கொண்ட கூட்டத்தினர் நீதிமன்றக் கட்டடத்தையே தாக்கினர். நூற்றுக்கு மேற்பட்டோர் கைதாயினர். அச்சினத்துக்குக் காரணம் இல்லாமலில்லை. பின்னர் தண்டனை பெற்ற ஒருவரைத் தப்பவிட உதவினார் என்ற குற்றச்சாட்டில் மூத்த பொலிஸ் அதிகாரி ஒருவரே 2017இல் கைதானார். பாண்டியனின் வாயிலோன் கண்டதை மறைக்கவில்லை. இங்கோ வாயில் காப்போர்மீதே ஐயம் எழுந்தது. ஆயினும் கூட்டத்தின் சினத்துக்கு எதிரிகளைப் பகுத்தறியும் கண் இருந்ததில்லை. ஒன்பதின்மருள் இருவர்மீது குற்றம் எண்பிக்கப்படவில்லை எனக் கண்டது, அக்கூட்டம் கல்லெறிந்த நீதித்துறையேயாகும். அவ்விருவரை எண்ணும்போது கொற்கையின் ஆயிரவரும் புழுக்கறையின் மணிமேகலையும் நினைவுக்கு வருதல் வேண்டும். 1976க்குப் பின்னர் இலங்கையில் எவரும் தூக்கிலிடப்படவில்லை. எனவே அத்தீர்ப்பு தாய்க்குத் தந்தது ஓர் உயிருக்கு ஈடாக உயிர்களை அன்று. நிகழ்ந்தது இன்னது, செய்தவர் இன்னார் என்று ஒரு மன்று விசாரித்துச் சொன்ன சொல்லையே அது தந்தது.

அத்தாயைக் கண்ணகி என்று அழைப்பது அவரை உயர்த்துவதுபோல் தோன்றும். உண்மையில் அவர் செய்த அரிய செயலை அது மறைத்துவிடும். கண்ணகி தெய்வமானாள்; தெய்வத்துக்குக் குறுக்கு விசாரணை இல்லை. இத்தாயோ மனுஷியாகவே சென்று, சாட்சிக் கூண்டில் நின்று, தாம் அறிந்ததை அறிந்தவாறு கூறினார்.

வாயில் திறவாத வழக்குகளையும் இங்குக் கூறாது விடுதல் முறையன்று. 1996 செப்டெம்பரில் செம்மணிச் சோதனைச் சாவடியில் மறிக்கப்பட்ட மாணவியைத் தேடிக் கேட்கச் சென்ற தாய், மகனோடும் அயலவர் ஒருவரோடும் அங்கேயே கொல்லப்பட்டார். 1998 ஜூலையில் கொழும்பு மேல் நீதிமன்றம் படையினருக்கு மரணதண்டனை விதித்தபோது சாட்சி சொல்ல அத்தாய் இல்லை. 2006 மே 13 அன்று அல்லைப்பிட்டியிலும் அயலிலும் சிறுவர் உட்படப் 13 பேர் சுட்டுக் கொல்லப்பட்டனர், எவரும் தண்டிக்கப்படவில்லை. 1985 மே 15 அன்று நெடுந்தீவிலிருந்து குறிகட்டுவானை நோக்கி வந்த குமுதினிப் படகில், குழந்தைகளும் பெண்களும் உட்பட இருபதுக்கு மேற்பட்டோர் வெட்டிக் கொல்லப்பட்டனர். கடற்படையினரே இதனைச் செய்தனர் என்பது தப்பியோர் கூற்று. அப்படகு சேரவிருந்த குறிகட்டுவான் இறங்குதுறை புங்குடுதீவிலேயே உள்ளது.

ஆகவே வழக்குரை காதையைக் கற்பிக்கும்போது எரியும் மதுரைக்குமுன் நாம் நின்று நோக்கவேண்டிய இடம் ஒன்றுண்டு. அது, வாயிலோன் உள்ளே சென்று, வெளியே ஒருத்தி நிற்கிறாள் என அரசனிடம் கூறும் இடம். அவ்விடம் இல்லையேல் சிலம்பு உடைபட்டிராது, உண்மை வெளிப்பட்டிராது. குமுதினியில் மகவை இழந்தோர் பொருட்டு எந்த வாயிலோனும் இன்னும் உள்ளே சென்று அறிவிக்கவில்லை.