யாரென்று சொல்லாமல் வருகிறவர்

நாகரசம்பட்டி, போச்சம்பள்ளிப் பக்கத்துக் கூத்தில் வேடம் திரைக்குப் பின்னால் நின்றே பாதி ஆடிவிடும். கட்டியங்காரன் கேட்கக் கேட்க, வந்திருப்பது துரியோதனன் என்று பாட்டிலேயே ஊருக்குத் தெரிந்துவிடும். அந்த ஆட்டத்தில் ஊறிய கண்ணுக்கு ஷோபாசக்தியின் நடிப்பு சட்டென்று பிடிபடாது. யாரென்று சொல்லாமலே வருகிறவர் அவர்.

யாழ்ப்பாணத்து அல்லைப்பிட்டியில் பிறந்த அவரது இயற்பெயர் அந்தோனிதாசன் யேசுதாசன். பதின்ம வயதில் புலிகள் இயக்கத்தில் இருந்து விலகியவர். தாய்லாந்து வழியாக 1993இல் பிரான்சுக்குப் போனார். கிடைத்த கூலி வேலைகளுக்கு நடுவே ‘கொரில்லா’, ‘ம்’ நாவல்களை எழுதினார். நடிப்புப் பள்ளி எதுவும் இல்லை. லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ (2011) படத்தின் எழுத்தில் பங்கெடுத்தவர், சூரி என்ற மனம் கலங்கிய அகதியாக அதில் நடிக்கவும் செய்தார். தனுஷ்கோடி மீனவர்களே மீனவர்களாக வரும் படம் அது. நடிகர் ஒருவர் அங்கே துருத்திக்கொண்டு தெரிந்திருந்தால் எல்லாமே கெட்டிருக்கும்.

கான் விழாவில் தங்கப் பனை வென்ற ழாக் ஓதியாரின் ‘தீபன்’ (2015): செத்தவன் பெயரில், மனைவியல்லாத பெண்ணோடும் மகளல்லாத சிறுமியோடும் பிரான்சுக்குள் நுழையும் முன்னாள் புலி. இருட்டில் ஒளிப்புள்ளிகள் மினுங்கி மினுங்கி நெருங்குகின்றன. தெருவில் மின்னும் சாமான் விற்கும் தீபன் அவற்றைத் தலையில் மாட்டியிருப்பது பிறகுதான் தெரிகிறது. அந்த முகம் நம் இரக்கத்தைக் கேட்கவில்லை. விற்க வேண்டும், அவ்வளவுதான். வேறொரு நடிகர் இங்கே கண்ணைக் கலக்கியிருப்பார்.

அடக்கி வைத்ததெல்லாம் ஓரிடத்தில் உடைகிறது. குடித்துவிட்டு, தனியாக, தொண்டை கிழியப் போர்ப்பாட்டைப் பாடுகிறான். பிறகு, கும்பல்கள் சுட்டுக்கொள்ளும் குடியிருப்பில் தரையில் வெள்ளைக் கோடு போட்டு, இதற்கு இப்பால் சூடு கூடாது என்கிறான். 2009இல் வன்னியின் பாதுகாப்பு வலயங்களுக்குள்ளேயே குண்டு விழுந்ததை அறிந்தவருக்கு அந்தக் கோடு நெஞ்சை அடைக்கும். ஷோபாசக்தி அதை எந்த வீராப்பும் இல்லாமல், வேலையாகச் செய்கிறார். துப்பாக்கியும் புகையுமான இறுதிக்கட்டம் எனக்கு ஒப்பவில்லை. அங்கே இயக்குநரின் கைதான் தெரிகிறது.

‘தீபன்’ நடிப்புக்குச் சேசார் விருதுப் பரிந்துரை வந்தது. அவரோ எழுத்தை விடவில்லை. 2019இல் ‘இச்சா’ நாவல் வந்தது. லெனின் எம். சிவம் கனடாவில் எடுத்த ‘ரூபா’வில் (2017) திருநங்கை ஒருவரை நேசிக்கும் நடுவயதுக் குடும்பஸ்தர் அவர். ‘தீபன்’ பார்த்தவர்கள் அதையும் தேடிப் பார்க்க வேண்டும். போரும் துப்பாக்கியும் துணைக்கு இல்லாத அந்த வேடத்தில்தான் இவருடைய நடிப்பு எவ்வளவு தூரம் போகும் என்பது விளங்குகிறது.