அளவுகோல் வினாநிரல்களில் தமிழ்: மூணாற்றுத் தோட்டத் தமிழரை முன்வைத்து ஒரு மதிப்பீடு

உளவியலாரும் சமூகவியலாரும் கையாளும் வினாநிரல்களைத் தமிழாய்வாளர் தம் துறைக்குப் புறம்பானவை என ஒதுக்கிவிடுகின்றனர். எனினும் அவற்றின் தமிழ் வடிவங்களில் விடைகளாக அச்சிடப்பெறும் நான்கைந்து சொற்களே மனித மனத்தை எண்ணாக மாற்றுகின்றன. இடுக்கி மாவட்டம் தேவிகுளம் வட்டத்து மூணாற்றுத் தேயிலைத் தோட்டத் தமிழரை மனங்கொண்டு அச்சொற்களை இக்கட்டுரை ஆராய்கிறது. 2020 ஆகஸ்டு 6ஆம் நாள் இரவு பெட்டிமுடியில் லயங்கள் மண்ணில் புதைந்து 70 பேர் மாண்டனர். இத்தகைய இழப்பிற்குப் பின் எஞ்சியோரின் துயரத்தை அளக்க வரும் கருவியில் மொழி பிழைபடுமாயின், உதவி பெறவேண்டியவர் கணக்கிலிருந்து விடுபட்டுப் போவார்.

1932இல் ரென்சிஸ் லிக்கர்ட் அமைத்த ஐந்துபடி அளவுகோலே இன்று பரவலாக வழங்குவது. அதன் தமிழ் வடிவங்களில் இறுதி இரு படிகள் 'உடன்படவில்லை', 'முற்றிலும் உடன்படவில்லை' என அமைவதைப் பல ஆய்வேடுகளில் காணலாம். கடைசிப் படியை வாய்விட்டுப் படித்தால் இடர்ப்பாடு புலப்படும். 'முழுமையாக மறுக்கிறேன்' என்பது கருதிய பொருள். 'ஓரளவு உடன்பாடு உண்டு, முழுமையாக இல்லை' என்பது கேட்பவர் கொள்ளத்தக்க பொருள். பின்னதைக் கொண்டால் அடைமொழியற்ற 'உடன்படவில்லை' என்பதே வலுவான மறுப்பாகி, நான்காம் படியும் ஐந்தாம் படியும் இடம் மாறிவிடும்.

இது மொழிபெயர்ப்பாளரின் கவனக்குறைவு மட்டுமன்று. முற்றும்மை சிலவிடத்து எச்சப்பொருளும் தரும் என்பதைத் தொல்காப்பிய இடையியலும் நன்னூலும் விதந்து கூறியுள்ளன. உரையாசிரியர் எதிர்மறைத் தொடர்களைக் கொண்டே அதனை விளக்கினர். 'ஐந்து ஆட்டையும் விற்கவில்லை' என்றால் ஒன்றும் விற்கவில்லை என்றும் கொள்ளலாம், சில விற்றாயிற்று என்றும் கொள்ளலாம். வினாநிரல் அமைத்தோர் நன்னூலை ஒருமுறை புரட்டியிருக்கலாம்.

அச்சில் ஐந்து படிகளையும் வரிசையாகக் காண்பவர் இடத்தைக் கொண்டு பொருளை ஊகித்துக்கொள்வார். முதிய கொழுந்து பறிக்கும் பெண்களுக்கோ வினா வாசித்தே காட்டப்பெறும். செவிக்கு அவ்வரிசை புலப்படாது. மலையாள வடிவில் இச்சிக்கல் எழுவதில்லை. அங்கு 'யோஜிக்குன்னு', 'வியோஜிக்குன்னு' என இரண்டும் உடன்பாட்டு வினைகள். எதிர்மறை விகுதிக்கு வேலையில்லை. தமிழிலும் 'மறுக்கிறேன்', 'முற்றிலும் மறுக்கிறேன்' என அமைத்தால் தீர்வு எளிது.

நடுப்படி மேலும் நுட்பமானது. 'மனநிறைவு எவ்வாறு' என்ற வினாவிற்குப் 'பரவாயில்லை' என்பது நடுநிலையாகக் குறிக்கப்பெறுகிறது. தோட்டத்துப் பேச்சில் அது 'முன்பைவிட மேல்' என்றும் பொருள்படும். 'போகட்டும், விடுங்கள்' என்றும் பொருள்படும். 2015 செப்டம்பரில் 20 விழுக்காடு போனசு கேட்டு, தொழிற்சங்கத் தலைமைகளை விலக்கி வீதிக்கு வந்த 'பெம்பிளை ஒருமை' மகளிரிடம் ஓராண்டு முன்னர் சங்கம் பற்றி இவ்வினாவை விடுத்திருந்தால், 'பரவாயில்லை' என்றே பலர் விடை பகர்ந்திருக்கக்கூடும் என்பது என் ஊகம்.

மிகுதிச் சொற்களின் நிலையும் இத்தகையதே. உறு, தவ, நனி என்பவற்றை மிகுதிப் பொருளனவாக உரியியல் கூறுகிறது. அவற்றுள் எது மிக்கது எனத் தரம் பிரிக்கவில்லை. அளவுகோலுக்கோ தரமே உயிர். 'மிகவும்' என அச்சில் இருப்பது பேச்சில் 'ரொம்ப' ஆகும். 'நல்லா வலிக்குது' என்பதில் 'நல்லா' நன்மையைக் குறிப்பதன்று.

இதனை முறையாக எதிர்கொண்ட முயற்சி ஒன்று உண்டு. உலக நலவாழ்வு நிறுவனம் 1990களில் வாழ்க்கைத்தர வினாநிரலை 15 மையங்களில் உருவாக்கியபோது சென்னையும் அவற்றுள் ஒன்றாயிருந்தது. இரு முனைச்சொற்களுக்கு இடையே 100 மில்லிமீட்டர் கோடு வரைந்து, ஒவ்வோர் இடைச்சொல்லும் அக்கோட்டில் எங்கு நிற்கும் எனப் பொதுமக்களையே குறிக்கச் செய்தனர். கால், அரை, முக்கால் தொலைவுகளுக்கு அண்மையில் விழுந்த சொற்களையே தேர்ந்தனர். அகராதியை நம்பாது வழக்கை நம்பிய முறை இது. ஆயினும் சென்னைத் தமிழர் குறித்த இடத்திலேயே மூணாற்றுத் தமிழரும் குறிப்பர் எனக் கொள்ள இயலாது.

கோல்ட்பர்க் 1972இல் அமைத்த பொது உடல்நல வினாநிரலின் 12 வினா வடிவம் தமிழில் சோதிக்கப்பெற்று 1999இல் அதன் முடிவு வெளிவந்தது. அதன் விடைகள் 'வழக்கத்தைவிட' என்ற ஒப்பீட்டைச் சார்ந்தவை. நெடுங்காலத் துன்பமே வழக்கமாகிவிட்டவர் 'வழக்கம்போல்தான்' என்பார். அவ்விடைக்குக் கிடைப்பது சுழியம். 1985இலேயே ஆங்கில வடிவுக்கு இக்குறை சுட்டப்பெற்று மாற்று மதிப்பெண் முறையும் முன்வைக்கப்பட்டது. 2001இல் வெளிவந்த ஒன்பது வினா மனச்சோர்வுக் கருவி, கடந்த இரு வாரங்களில் எத்தனை நாள் என்று கேட்பதால் இத்தடுமாற்றம் அதில் குறைவு. நாள்தோறும் பறித்த கொழுந்தைக் கிலோவில் நிறுத்துக் கொடுப்பவருக்கு 'அடிக்கடி', 'அவ்வப்போது' என்பவற்றைவிட நாட்கணக்கே கைவந்தது.