தரமணியில் இல்லாத வகுப்பு

வண்டலூரில் வெளிவட்டச் சாலையில் ஏறி வடக்கே போனால், நசரத்பேட்டையில் பெங்களூரு நெடுஞ்சாலை வந்து சேரும். அங்கிருந்து செம்பரம்பாக்கம் ஈ.வி.பி. பிலிம் சிட்டி பக்கம்தான். 2018-இல் வெளிவந்த ‘காலா’வுக்காக மும்பையின் தாராவியை கலை இயக்குநர் ராமலிங்கம் இங்கேதான் கட்டினார். 1987-இல் ‘நாயகன்’ படத்துக்காக அதே தாராவியைச் சென்னை வீனஸ் ஸ்டுடியோவுக்குள் தோட்டா தரணி எழுப்பியிருந்தார். அந்தச் செட்டுக்குத் தேசிய விருது கிடைத்தது.

தோட்டா தரணியின் தந்தை தோட்டா வெங்கடேஸ்வர ராவும் கலை இயக்குநர். மகன் சென்னை ஓவியக் கல்லூரியில் முறையாக ஓவியம் படித்துவிட்டுத்தான் செட்டுக்குள் வந்தார். ‘இந்தியன்’ படத்துக்கு இரண்டாவது தேசிய விருது, 2001-இல் பத்மஸ்ரீ. வால்பாறையில் பிறந்த சாபு சிரிலும் அதே கல்லூரியின் மாணவர்தான். ‘எந்திரன்’ உட்பட நான்கு படங்களுக்குத் தேசிய விருது பெற்றவர் அவர். மின்ரயிலும் கட்டி முடியாத வீடும் வரும் ‘அலைபாயுதே’வுக்கும் அவரே கலை இயக்குநர். அந்தப் படத்தைப் பார்ப்பவர்கள் செட் என்ற ஒன்றையே நினைப்பதில்லை. அவரது ‘பாகுபலி’ அரண்மனைக்குச் சற்றும் குறையாத சாதனை அது.

இன்னும் அதிகம் பேசப்பட வேண்டியவர் பி. கிருஷ்ணமூர்த்தி. பூம்புகாரில் பிறந்து, சென்னையில் ஓவியம் பயின்று, ஜி.வி. ஐயரின் கன்னடப் படமான ‘ஹம்சகீதே’ வழியாக 1975-இல் சினிமாவுக்கு வந்தவர். ‘ஒரு வடக்கன் வீரகாதா’வில் கலை இயக்கத்துக்கும் உடையலங்காரத்துக்கும் சேர்த்து இரண்டு தேசிய விருதுகள் பெற்றார். வீடு, விளக்கு, வேட்டி என எல்லாம் ஒரே கண் பார்த்துத் தீர்மானித்தவையாக இருந்தால் ஒரு காலம் எப்படி உயிர் பெறும் என்பதற்கு அந்தப் படமே சாட்சி. தமிழில் ‘பாரதி’ அவருக்கு விருது தந்தது. ‘இம்சை அரசன் 23-ஆம் புலிகேசி’யின் கோமாளி அரண்மனையும் ‘நான் கடவுள்’ காட்டிய இருண்ட உலகமும் அவர் கையில் உருவானவையே. 2020 டிசம்பரில் மறைந்தார்.

ஸ்டுடியோ காலத்தில் கலை இயக்குநருக்கு நிலையான இடம் இருந்தது. ஜெமினியில் ஏ.கே. சேகர் 1948-இன் ‘சந்திரலேகா’வுக்கு அமைத்த முரசு நடனக் காட்சியை இன்றும் வியந்து பார்க்கிறோம். தச்சரும் மோல்டரும் பெயின்டரும் அன்று மாதச் சம்பளக்காரர்கள். அந்த அமைப்பு உடைந்தது. வாகினி இருந்த இடத்தில் மருத்துவமனையும் வணிக வளாகமும் வந்தன. செட்டுகள் பூந்தமல்லி, பனையூர், பையனூர் என்று புறநகருக்கு நகர்ந்தன. தொழிலாளி தினக்கூலி ஆனார். வேலைக்குப் போன இடத்திலேயே உயிர்விட்டவர்களும் உண்டு. 2020 பிப்ரவரியில் ஈ.வி.பி. வளாகத்தில் ‘இந்தியன் 2’ படப்பிடிப்பில் கிரேன் சரிந்து மூவர் இறந்தார்கள். 2023 அக்டோபரில் ‘விடாமுயற்சி’ படப்பிடிப்புக்காக அஜர்பைஜான் போயிருந்த கலை இயக்குநர் மிலன் அங்கேயே மாரடைப்பில் உயிர்விட்டார்.

செட்டின் வேலை பிளைவுட்டும் சவுக்குக் கட்டையும் பிளாஸ்டர் ஆஃப் பாரிஸும் வந்து இறங்குவதற்கு வெகுமுன்பே, காகிதத்தில் தொடங்கிவிடுகிறது. கேமரா எங்கே நிற்கும், எந்தச் சுவரைக் கழற்ற வேண்டும், ஒளி எந்தச் சன்னல் வழியாக வரும் என்பதெல்லாம் வரைபடத்திலேயே முடிவாகும். செட் எழுந்த பிறகு மிகக் கடினமான வேலை, புதுச் சுவரைப் பழையதாக்குவது. மழைநீர் வழிந்த தடம், கை பட்டுப் பட்டுக் கறுத்த கதவோரம், அடுப்புப் புகை ஏறிய கூரை: வாழ்க்கையைக் கூர்ந்து பார்த்தவருக்கே இவை வசப்படும். இந்த நுணுக்கம் இன்றுவரை குருவிடமிருந்து உதவியாளருக்குக் கைமாறியே வருகிறது.

வகுப்பறையிலும் இதைக் கற்பிக்கலாம். மாஸ்கோவின் விகிக் திரைப்படக் கல்லூரி 1938-லேயே திரை ஓவியர்களுக்கெனத் தனிப் புலம் தொடங்கிவிட்டது. தார்க்கோவ்ஸ்கியின் ‘சோலாரிஸ்’ படத்துக்கு விண்வெளி நிலையத்தை வடிவமைத்த மிகயீல் ரொமாதின் அங்கே படித்தவர். அந்த நிலையத்தின் நடுவில் மரமும் புத்தகமும் புருகெல் ஓவியங்களும் நிறைந்த நூலகம் ஒன்று வரும். ஓவியம் கற்ற மனம் அதில் தெரிகிறது. புனே திரைப்படக் கல்லூரியிலும் கலை இயக்கத்துக்குப் பட்டமேற்படிப்பு உண்டு.

நம் தரமணி எம்.ஜி.ஆர். திரைப்பட நிறுவனத்தின் பட்டப்படிப்புகளில் இயக்கம், ஒளிப்பதிவு, ஒலிப்பதிவு, படத்தொகுப்பு, அனிமேஷன் எல்லாம் இருக்கின்றன. கலை இயக்கம் இல்லை. இத்தனை மேதைகளைத் தந்த ஊரில் இது பெரும் குறை. கற்பிப்பதற்கு ஆவணங்களும் வேண்டும். படப்பிடிப்பு முடிந்ததும் செட்டைப் பிரிப்பது தவிர்க்க முடியாதது. ஆனால் வரைபடங்களும் மாதிரி வடிவங்களும் அதோடு சேர்ந்து அழிய வேண்டியதில்லை. பூந்தமல்லி அருகே நவீன திரைப்பட நகரம் அமைக்கப்போவதாக அரசு 2024-இல் அறிவித்திருக்கிறது. அங்கே படப்பிடிப்புத் தளங்கள் கட்டும்போதே, கலை இயக்குநர்களின் வரைபடங்களுக்கு ஒரு காப்பகமும் கட்ட வேண்டும். தரமணியில் கலை இயக்கப் படிப்பைத் தொடங்க அதற்காகக்கூடக் காத்திருக்க வேண்டியதில்லை. வரும் கல்வியாண்டிலேயே தொடங்கலாம்.