காலமே மருந்தாக: கம்பரும் சேக்கிழாரும்

நோயுற்றவன் நிலை, நோயின் அளவு, காலம் ஆகிய மூன்றையும் கருதியே மருத்துவன் செயற்படல் வேண்டும் என்பது மருந்து என்னும் அதிகாரத்தில் வள்ளுவர் கூறும் முறை. உலகியல் மருத்துவத்தில் மருத்துவன் காலத்திற்கு அடங்கியவன். புண் ஆற நாள் வேண்டும். முறிந்த என்பு கூடத் திங்கள் வேண்டும். ஆறிய பின்னரும் வடு நிற்கும். இவ்வெல்லையைக் கடந்து, காலத்தையே ஏவல் கொண்டு ஊறு தீர்க்கும் மருத்துவம் ஒன்றைக் காப்பியப் புலவர் படைத்துக் காட்டியுள்ளனர். கம்பரிடத்தும் சேக்கிழாரிடத்தும் அது எவ்வாறு வேறுபடுகின்றது என்பதை ஈண்டு ஆராய்வோம். அடியார் வரலாற்றில் வைக்கும் நம்பிக்கை நம் ஆராய்ச்சிக்கு உரியதன்று. காப்பிய அமைப்பையே நோக்குகின்றோம்.

கம்பரின் யுத்த காண்டத்தில், இந்திரசித்து விடுத்த பிரமாத்திரத்தால் இலக்குவனும் வானரப் படையும் வீழ்ந்தபின், சாம்பவன் அனுமனுக்கு நான்கு மருந்துகளை உரைக்கின்றான். ஒன்று மாண்டாரை எழுப்புவது. ஒன்று பிளவுண்ட உடலைப் பொருத்துவது. ஒன்று உடலில் தைத்த படைக்கலங்களை வெளிப்படுத்துவது. ஒன்று பண்டைய உருவை மீட்டளிப்பது. வான்மீகத்திலும் மருந்துகள் நான்கேயாதலின் இதனைக் கம்பரின் புத்தாக்கம் எனல் பொருந்தாது. இடை இரண்டும் அறுவை மருத்துவத்தின் மிகை வடிவங்களே. நான்காவதோ வடுவையும் துடைப்பது. புண்பட்ட பொழுது ஒன்று நிகழவேயில்லை என்னுமாறு உடலை முன்னை நிலைக்கு மீட்பது. காலத்தின் சுவட்டை அழிக்கும் இம்மருந்தை அறிந்தவன், காலத்தால் மிக மூத்த சாம்பவனாக இருத்தல் நினையத்தக்கது. அவனே சிறிதும் பொழுது தாழ்க்காது செல்க என அனுமனை விரைவிக்கின்றான். காலத்தை வெல்லும் மருந்தும் காலத்தில் வந்து சேர வேண்டும்.

சேக்கிழாரிடத்து நிலை வேறு. திருப்புக்கொளியூர் அவிநாசியில் சுந்தரர் ஒரு தெருவிற் செல்லுங்கால், ஒரு மனையில் பூணூல் மங்கல ஒலியும் எதிர்மனையில் அழுகை ஒலியும் எழுகின்றன. ஒத்த வயதுடைய சிறுவர் இருவர் முன்னொரு நாள் நீராடச் சென்றனர், ஒருவனை முதலை விழுங்கியது, மற்றவன் பிழைத்தான். பிழைத்தவனுக்கே இன்று மங்கலம். சுந்தரர் பதிகம் பாட, முதலை சிறுவனைக் கரையில் உமிழ்கின்றது. அவன் பழைய சிறு பிள்ளையாகவே மீளவில்லை. இடைப்பட்ட ஆண்டுகளுக்குரிய வளர்ச்சியோடு மீண்டான் என்கின்றார் சேக்கிழார். பின்னர் அவனுக்கும் பூணூல் மங்கலம் நிகழ்கின்றது.

மயிலாப்பூர்ப் பூம்பாவை வரலாறும் இவ்வாறே அமைந்துள்ளது. அரவு தீண்டி இறந்த சிறுமியின் என்பையும் சாம்பரையும் குடத்தில் இட்டுக் காத்தார் தந்தையார் சிவநேசர். அக்குடத்திலிருந்து அவள் பன்னிரண்டாண்டு நிரம்பியவளாக எழுகின்றாள். அவளை எழுப்பும் சம்பந்தர் பதிகத்தின் வைப்புமுறையை நோக்குக. ஐப்பசி ஓணம், கார்த்திகை விளக்கீடு, ஆதிரை, தைப்பூசம், மாசிக் கடலாட்டு, பங்குனி உத்திரம் எனத் திங்கள் முறையே விழாக்களை அடுக்கி, இவற்றைக் காணாமற் செல்வாயோ என வினவுகின்றது அப்பாடல். இழந்த ஆண்டே இங்கு அவளை அழைக்கும் மருந்தாகின்றது. பாட்டுத்தோறும் உயிர்ப்பும் வடிவும் நிரம்பி வந்ததாகச் சேக்கிழார் பாடுவது இவ்வமைப்பை உணர்ந்தேயாகும்.

இவ்வளர்ச்சி வியப்பை மிகுவிக்கக் கூட்டிய மிகையே எனச் சிலர் கூறலாம். வியப்பு மட்டுமே கருத்தாயின், இறந்த பிள்ளை அன்றிருந்தவாறே மீளுதலும் போதுமானது. ஆயின் எதிர்மனைச் சிறுவன் வளர்ந்து நிற்க, இவன் குழவியாகவே வந்திருப்பின், பெற்றோர் பிள்ளையைப் பெற்றும் ஆண்டுகளை இழந்தவராவர். அவர்தம் உண்மைப் புண் அவ்வாண்டுகளே. சிறுத்தொண்டர் மகன் சீராளன் பள்ளியினின்று ஓடி வருபவன் போல் மீளுதல் இக்கருத்திற்கு அரணாகும். ஆண்டுக் கணக்கில் இழந்த காலம் அங்கு இல்லை. எனவே வளர்ச்சியும் கூறப்படவில்லை. சேக்கிழார் இழப்பை அளந்தே மருந்தை அளக்கின்றார்.

கம்பர் பாடியது ஓர் இரவின் போர்ப்புண். ஆண்டுகளை மீட்கும் தேவை அங்கு எழவில்லை என்பதையும் ஒப்புதல் வேண்டும். எனினும் மருத்துமலையின் காற்றுப் பட்டாரெல்லாம் ஒருங்கே எழுகின்றனர். அம்மருந்து ஆளை வினவுவதில்லை. சேக்கிழார் காட்டும் மருந்தோ ஒருவரை நோக்கி, ஒருவர்தம் இழப்பை அறிந்து பாடப்பெறும் சொல்.

அச்சொல்லுக்கும் எல்லையுண்டு. மகளைச் சம்பந்தருக்கே உரியவளாக எண்ணியிருந்தார் சிவநேசர். உயிர் தந்தமையால் தாம் தந்தை முறையினர் ஆயினமை கூறி மறுக்கின்றார் சம்பந்தர். பூம்பாவை கன்னிமாடத்திலேயே வாழ்கின்றாள். ஆண்டுகள் மீண்டன, அவ்வாண்டுகளில் தந்தை வளர்த்த எண்ணம் மீளவில்லை. இம்மறுப்பை மறையாது பாடியமையாலேயே சேக்கிழாரின் அற்புதம் மாந்தர் வாழ்வோடு பொருந்தி நிற்கின்றது. இப்பகுதிகளை அற்புதம் என்னும் ஒரு சொல்லால் வகுத்துக் கடந்துவிடாது, ஆண்டும் பருவமும் குறிக்கும் சொற்களை நிறுத்திக் கற்றல் மாணவர் கடனாம்.