ட்யூபுலர் பெல்ஸ்: ஒருவர், பல கருவிகள்

'ட்யூபுலர் பெல்ஸ்' ஆங்கிலேய இசைக்கலைஞர் மைக் ஓல்ட்ஃபீல்டின் முதல் தனி இசைத்தொகுப்பு. வர்ஜின் ரெக்கார்ட்ஸ் நிறுவனம் 1973 மே 25 அன்று வெளியிட்ட இதில் தனித்தனிப் பாடல்கள் இல்லை. இசைத்தட்டின் பக்கத்துக்கு ஒன்றாக இரண்டு நீண்ட பகுதிகள் மட்டுமே உள்ளன. மொத்தம் ஏறத்தாழ 49 நிமிடங்கள். அதே ஆண்டு வெளியான 'தி எக்ஸார்சிஸ்ட்' திரைப்படத்தில் இதன் தொடக்கம் பயன்படுத்தப்பட்டது. அதனால் பலர் இதைப் பேய்ப்பட இசையாக மட்டுமே அறிவர். முழுவதும் கேட்பவருக்குக் கிடைப்பது வேறு.

உருவாக்கம்

முன்மாதிரிப் பதிவை ஓல்ட்ஃபீல்ட் இரவல் பெற்ற ஒலிநாடாக் கருவியில் செய்தார். பழைய ஒலியை அழிக்கும் முனையை அட்டைத்துண்டால் மறைத்து, ஒரு வாசிப்பின் மேல் மற்றொன்றைப் பதித்தார். இறுதிப் பதிவு ஆக்ஸ்ஃபோர்டுஷயரில் இருந்த மேனர் ஒலிப்பதிவுக் கூடத்தில் 1972 இலையுதிர்காலத்தில் தொடங்கியது. அப்போது அவருக்கு வயது 19. பியானோ, ஆர்கன், பலவகைக் கிட்டார்கள், மாண்டலின், குழாய்மணிகள் எனப் பெரும்பாலானவற்றை அவரே வாசித்தார். டாம் நியூமன், சைமன் ஹேவொர்த் ஆகியோர் உடன் தயாரித்தனர்.

அமைப்பு

தொடக்கப் பியானோ வரி ஏழும் எட்டுமாகப் பதினைந்து எண்ணிக்கையில் சுழல்கிறது. பதினாறில் ஒன்று குறைவதால், காது எதிர்பார்க்கும் இடத்துக்கு முன்பே வரி திரும்பிவிடுகிறது. அந்தக் குறையே கேட்பவரை அடுத்த சுற்றுக்கு இழுக்கிறது. டெரி ரைலியின் 'எ ரெயின்போ இன் கர்வ்ட் ஏர்' (1969) தந்த திரும்பவரும் இசையின் தாக்கம் இங்கே தெரிகிறது.

முதல் பகுதியின் முடிவு தொகுப்பின் உச்சம். ஒரே மெட்டு திரும்பத் திரும்ப வர, விவியன் ஸ்டான்ஷால் கருவிகளின் பெயரை ஒவ்வொன்றாக அறிவிக்கிறார். அக்கருவி வந்து சேர்கிறது. கடைசியில் குழாய்மணிகள் முழங்குகின்றன. மேடையில் கலைஞர்களை அறிமுகம் செய்வது போன்ற சடங்கு இது. ஆனால் அறிமுகமாகும் ஒவ்வொரு கருவிக்கும் பின்னால் இருப்பவர் ஒரே ஆள். அவற்றுள் ஒன்று 'இரட்டை வேகக் கிட்டார்'. பாதி வேகத்தில் ஓடும் நாடாவில் பதித்து முழு வேகத்தில் ஒலிக்கவிட்டால் கிடைக்கும் ஒலி அது. அப்படியொரு கருவி எந்தக் கடையிலும் இல்லை. நாடாவே அதை உண்டாக்குகிறது.

மதிப்பீடு

ஒருவர் எத்தனை கருவி வாசித்தார் என்ற கணக்கைக் கொண்டே இத்தொகுப்பு பெரும்பாலும் புகழப்படுகிறது. அக்கணக்கு வியப்பைத் தரும். இசையின் தரத்தைச் சொல்லாது. ஓல்ட்ஃபீல்டின் சாதனை, அடுக்கிப் பதிவதையே இயற்றும் முறையாக மாற்றியது.

அம்முறையின் குறையும் இதிலேயே உண்டு. தனியே அடுக்கும்போது, ஒருவர் வாசிப்புக்கு மற்றவர் அந்த நொடியில் தரும் மறுமொழி இல்லை. முதல் பகுதியில் உச்சத்தை நோக்கிய ஏற்றம் இதை மறைக்கிறது. இரண்டாம் பகுதியில் அத்தகைய இலக்கு இல்லாததால், அழகிய துண்டுகள் தையல் தெரிய நிற்கின்றன. அங்கே ஸ்டீவ் பிராட்டன் டிரம்ஸ் வாசிக்கும் முரட்டுப் பகுதி வந்ததும் இசை சட்டென உயிர்க்கிறது. இன்னொரு மனிதரின் கை நுழைந்ததன் விளைவு அது.

இன்று கணினி முன் தனியே அமர்ந்து முழு இசைத்தொகுப்பை உருவாக்குவோர் ஏராளம். அவர்களுக்கு இதன் இரு பகுதிகளும் பாடமாகும். எதையும் சேர்க்கலாம் என்ற வசதி மட்டும் இசையாகிவிடாது. எதன் பின் எது, எதற்காக என்பதே இசையைத் தீர்மானிக்கிறது.